ஹீப்பைக் கூட்டியும் சர்வர் ஏன் சாகிறது?

தம்பி கேட்டதை முதலில் சுருக்கிச் சொல்லிவிடுகிறேன். பினாங்கு பாயான் லெப்பாஸில் ஒரு சின்ன நிறுவனம். பல முதலாளிகளுக்குச் சம்பளக் கணக்குப் போட்டுத் தரும் ஜாவா மென்பொருள், டாம்கேட்டில் (ஜாவா வலைச் செயலிகளை ஓட்டும் சர்வர்), சிஸ்டம்டி (லினக்ஸில் சர்வீஸ்களைத் தொடங்கி நிறுத்தும் நிரல்) சர்வீஸாகப் பின்னணியில் ஓடுகிறது. உபுண்டு சர்வர், 8 ஜிபி ரேம், அதே மெஷினில் மைஎஸ்கியூஎல்லும் உண்டு. மாதத் தொடக்கத்தில் தொல்லை இல்லை. 10ஆம் தேதிக்கு மேல்தான் விழுகிறது. ஆரம்பத்தில் லாகில் 'அவுட் ஆஃப் மெமரி எரர்' வந்தது. ஹீப்பை (ஜாவா தன் ஆப்ஜெக்டுகளை வைக்கும் நினைவகப் பகுதி) 2 ஜிபியிலிருந்து 6 ஜிபிக்கு ஏற்றினார்கள். இப்போது லாகில் எந்த எரரும் இல்லை, ஆனால் முன்பைவிட அடிக்கடி சாகிறது. 16 ஜிபி ரேம் வாங்கலாமா என்று கேட்கிறார்.

ரேம் வாங்கும் யோசனையைக் கொஞ்சம் தள்ளி வையுங்கள். நீங்கள் சொல்வதைப் பார்த்தால் இரண்டு தனித்தனிக் கோளாறுகள் இருக்கின்றன. ஒன்று ஆரம்பத்திலிருந்தே இருந்தது. மற்றது 6 ஜிபி போட்ட அன்று வந்து சேர்ந்தது. பிந்தியதைச் சரிசெய்தால்தான் முந்தியது கண்ணில் படும்.

நினைவகம் போதாமல் ஜாவா சர்வர் விழுந்தால், 'இடம் இல்லை' என்று கைவிரித்தது யார் என்று முதலில் பார்க்க வேண்டும். ஜேவிஎம் (ஜாவா நிரலை ஓட்டும் இயந்திரம்) கைவிரித்தால் லாகில் எரர் இருக்கும், ப்ராசஸும் பெரும்பாலும் உயிரோடு இருக்கும். லினக்ஸ் கெர்னல் (இயங்குதளத்தின் மையப் பகுதி) கைவிரித்தால் எச்சரிக்கையே கிடையாது. மெஷினின் மொத்த நினைவகமும் தீர்ந்தது என்றதும், அதிகமாகத் தின்னும் ப்ராசஸைத் தேடிப்பிடித்து உடனே கொல்லும் சிக்னல் 9 அனுப்பிவிடும். அந்தச் சிக்னலைத் தடுக்க எந்த ப்ராசஸாலும் முடியாது. ஷட்டவுன் ஹூக் (மூடும்போது ஓடும் குறிநிரல்) ஓடாது, ஹீப் டம்ப் (ஹீப்பின் முழு நகல் ஃபைல்) விழாது, லாக் அப்படியே நின்றுபோகும். சர்வீஸ் ஃபைலில் ரீஸ்டார்ட் போட்டு வைத்திருந்தால் சில வினாடிகளில் டாம்கேட் மறுபடி எழுந்துவிடும். காலையில் வேலைக்கு வருபவருக்கு எதுவும் நடந்ததாகவே தெரியாது.

உங்கள் மெஷினில் நடப்பது இதுதான் என்று நினைக்கிறேன். நீங்கள் 6 ஜிபி என்று வைத்த எக்ஸ்எம்எக்ஸ் ஆப்ஷன் ஹீப்புக்கு மட்டும்தான் உச்சவரம்பு. ஜாவா ப்ராசஸ் முழுவதற்கும் அல்ல. கிளாஸ் விவரங்களுக்கான மெட்டாஸ்பேஸ், கம்பைல் ஆன குறிநிரலுக்கான கோட் கேஷ், ஜிசி (வேண்டாத ஆப்ஜெக்டுகளை அகற்றும் பகுதி) தன் கணக்குக்கு எடுக்கும் இடம், டைரக்ட் பஃபர், ஒவ்வொரு த்ரெட்டுக்கும் ஸ்டாக் (64 பிட் லினக்ஸில் வழக்கமாக 1 எம்பி வரை) எல்லாம் அதற்கு வெளியே. ஹீப் 6 ஜிபி, இவையெல்லாம் சேர்ந்து இன்னும் கொஞ்சம், அதன்மேல் மைஎஸ்கியூஎல். 8 ஜிபியில் எப்படி அடங்கும்? தொடங்கும்போதே ஜேவிஎம் 6 ஜிபியையும் பிடித்துக்கொள்வதில்லை. முகவரியை மட்டும் ஒதுக்கிக்கொண்டு, தேவைப்படும்போது கொஞ்சம் கொஞ்சமாகத்தான் உண்மையான ரேமைத் தொடும். அதனால்தான் 1ஆம் தேதி சும்மா இருந்துவிட்டு 12ஆம் தேதி விழுகிறது.

உறுதிசெய்வது எளிது. சிஸ்டம்டியின் பதிவுகளைக் காட்டும் ஜர்னல்சிடிஎல்லில் கெர்னல் செய்திகளை மட்டும் எடுத்து, விழுந்த நேரத்தைச் சுற்றிப் பாருங்கள். 'அவுட் ஆஃப் மெமரி: கில்ட் ப்ராசஸ்' என்ற வரியில் ஜாவா இருந்தால் சந்தேகம் தீர்ந்தது. டாம்கேட் சர்வீஸின் ஜர்னலிலும் 'கில்ட், ஸ்டேட்டஸ் 9' என்று பதிவாகியிருக்கும். புதிய சிஸ்டம்டியில் 'ஓஓஎம் கில்' என்று வெளிப்படையாகவே எழுதும். இதையே டாக்கரில் ஓட்டினால் வெளியேறும் எண் 137 என்று காட்டும், அதாவது 128 கூட்டல் 9. சிஸ்டம்சிடிஎல் ஷோ கொடுத்தால் 'என்ரீஸ்டார்ட்ஸ்' என்று ஒரு மதிப்பு வரும். உங்களுக்குத் தெரியாமல் சர்வீஸ் எத்தனை தடவை விழுந்து எழுந்தது என்பதை அது சொல்லிவிடும்.

அப்படி இருந்தால் ஹீப்பை 3 ஜிபிக்கு இறக்குங்கள். எக்ஸ்எம்எஸ் (ஹீப்பின் தொடக்க அளவு), எக்ஸ்எம்எக்ஸ் இரண்டையும் ஒரே அளவாக வைத்து, 'ஆல்வேஸ் ப்ரீ டச்' ஆப்ஷனையும் போடுவது என் வழக்கம். முழு ஹீப்பையும் தொடக்கத்திலேயே தொட்டுவிடும். இடம் போதாவிட்டால் ஸ்டார்ட் ஆகும்போதே தெரியும், கெடு நாளில் வாடிக்கையாளர் போன் பண்ணிச் சொல்ல வேண்டியதில்லை. ஸ்வாப் (ரேம் போதாதபோது டிஸ்கில் எடுக்கும் இடம்) கூட்டித் தப்பிக்கலாமா என்று கேட்காதீர்கள். ஜிசி ஹீப் முழுவதையும் சுற்றிப் பார்க்கிற ஆள். பாதி ஹீப் டிஸ்கில் கிடந்தால் சர்வர் சாகாது, ஆனால் செத்த மாதிரிதான் இருக்கும்.

ஹீப்பை இறக்கியதும் பழைய எரர் திரும்பி வரும். வரட்டும். ஆனால் இந்தத் தடவை ஆதாரத்தோடு வர வேண்டும். பின்னணி சர்வீஸ் என்பதால் கால் இடறும் இடங்கள் இங்கேதான் அதிகம், கொஞ்சம் நின்று சொல்கிறேன்.

முதலில், நீங்கள் கொடுத்த ஆப்ஷன் உண்மையில் போய்ச் சேர்ந்ததா? சிஸ்டம்டி உங்கள் பாஷ் ப்ரொஃபைலைப் படிப்பதில்லை. டெர்மினலில் எக்ஸ்போர்ட் செய்த ஜாவா ஆப்ஷன்கள் கையால் ஓட்டும்போது வேலை செய்யும், சர்வீஸாக ஓடும்போது காணாமல் போகும். லிமிட்ஸ் டாட் கான்ஃபில் எழுதும் வரம்புகளும் சர்வீஸுக்குப் பொருந்தாது; அவற்றை யூனிட் ஃபைலிலேயே (மேலே சொன்ன சர்வீஸ் ஃபைல்) சொல்ல வேண்டும். ஊகிப்பதை விட்டுவிட்டு, ஓடிக்கொண்டிருக்கும் ப்ராசஸையே கேளுங்கள்: ஜாவாவோடு வரும் ஜேசிஎம்டி கருவியில் 'விஎம்.ஃப்ளாக்ஸ்' கொடுத்தால் 'மேக்ஸ் ஹீப் சைஸ்' பைட்டில் வரும். 3 ஜிபி என்றால் 3221225472. நீங்கள் எதுவுமே சொல்லாவிட்டால் ஜேவிஎம் மெஷின் ரேமில் கால்பங்கை எடுத்துக்கொள்ளும். 8 ஜிபி மெஷினில் சுமார் 2 ஜிபி. நீங்கள் முதலில் சொன்ன அந்த 2 ஜிபி யாரோ யோசித்து வைத்ததா, தானாக அமைந்ததா என்று எனக்கு ஒரு சந்தேகம் உண்டு.

டாம்கேட்டில் இன்னொன்று. ஸ்கிரிப்ட் வழியாகத் தொடங்கி நிறுத்துகிறீர்கள் என்றால் ஹீப் அளவைக் காட்டலினா ஆப்ட்ஸ் என்ற சூழல் மாறியில் வையுங்கள், ஜாவா ஆப்ட்ஸில் வேண்டாம். ஜாவா ஆப்ட்ஸை ஸ்டாப் கட்டளையும் எடுத்துக்கொள்ளும். நிறுத்தச் சொல்லி ஒரு செய்தி அனுப்ப மட்டுமே எழும்பும் அந்தக் குட்டி ஜேவிஎம்முக்கும் 3 ஜிபி கேட்பது அநியாயம். ப்ரீ டச்சும் சேர்ந்திருந்தால் அதுவே மெஷினைத் தள்ளிவிடும்.

அடுத்தது ஹீப் டம்ப். 'ஹீப் டம்ப் ஆன் அவுட் ஆஃப் மெமரி எரர்' ஆப்ஷனைப் போட்டு, டம்ப் விழும் பாதையையும் சொல்ல வேண்டும். பாதையாக ஃபைல் பெயரைக் கொடுக்காமல் ஃபோல்டரைக் கொடுங்கள். அதே பெயரில் பழைய ஃபைல் இருந்தால் புதிய டம்ப் எழுதப்படாது. டெம்ப் ஃபோல்டரைக் கொடுக்கவே கூடாது. சர்வீஸில் ப்ரைவேட் டெம்ப் இயங்கினால் அது பார்க்கும் டெம்ப் வேறு, நீங்கள் பார்க்கும் டெம்ப் வேறு. சர்வீஸ் நின்றதும் அந்தத் தனி டெம்ப் அழிக்கப்படும், உங்கள் டம்ப்பும் அதோடு போய்விடும். உபுண்டு, டெபியன் பேக்கேஜில் வரும் டாம்கேட் 9இன் யூனிட் ஃபைல் இன்னும் கண்டிப்பானது. 'ப்ரொடெக்ட் சிஸ்டம்' ஸ்ட்ரிக்ட் என்று இருப்பதால், அனுமதித்த சில ஃபோல்டர்களைத் தவிர வேறெங்கும் எழுத முடியாது. டாம்கேட்டின் லாக் ஃபோல்டர் அந்த அனுமதிப் பட்டியலில் இருக்கிறது. வேறு இடம் வேண்டுமென்றால் சிஸ்டம்சிடிஎல் எடிட் மூலம் 'ரீட் ரைட் பாத்ஸ்' சேர்க்க வேண்டும்.

'எக்ஸிட் ஆன் அவுட் ஆஃப் மெமரி எரர்' ஆப்ஷனையும் சேருங்கள் (ஜாவா 8இன் 92ஆம் அப்டேட்டிலிருந்து உண்டு). அது இல்லாவிட்டால், எரர் வந்தாலும் ஒரு த்ரெட்டைத்தான் (ப்ராசஸுக்குள் தனியாக ஓடும் ஒரு வேலை) கொல்லும். மிச்ச சர்வர் அரை உயிரோடு ஓடும். சிஸ்டம்டி பச்சை விளக்கு காட்டிக்கொண்டே இருக்கும், பயனருக்கோ பக்கம் திறக்காது. அதைவிட டம்ப் எழுதிவிட்டு மொத்தமாக வெளியேறி மறுபடி தொடங்குவது மேல். ஆனால் ஒவ்வொரு விழுகைக்கும் 3 ஜிபி வரை டம்ப் விழும், அதே டிஸ்கில்தான் மைஎஸ்கியூஎல்லும் இருக்கிறது. டிஸ்க் நிறைந்தால் அது வேறு கதை. டம்ப்புக்குத் தனிப் பார்டிஷன் வையுங்கள், அல்லது பழையதை அழிக்க ஒரு கிரான் (நேரம் வைத்து ஓடும் வேலை) போடுங்கள். டம்ப் எழுதும்போது சர்வர் உறைந்து நிற்கும். யாராவது பதறிப்போய் ரீஸ்டார்ட் அடித்தால் சிஸ்டம்டி வழக்கமாக 90 வினாடி பொறுத்துவிட்டுக் கொன்றுவிடும். அரைகுறை டம்ப்பைத் திறக்கப் படாத பாடு பட வேண்டும். இதை அலுவலகத்தில் எல்லாரிடமும் சொல்லி வையுங்கள்.

கையால் டம்ப் எடுக்கும்போது ஜேசிஎம்டி 'ப்ராசஸ் பதில் சொல்லவில்லை' என்று முரண்டு பிடித்தால், ரூட்டாக ஓட்டாமல் டாம்கேட் பயனராக ஓட்டிப் பாருங்கள். பழைய ஜாவாவில் ப்ரைவேட் டெம்ப்பும் இதற்குக் காரணமாகும், ஏனென்றால் இரண்டு பக்கமும் பேசிக்கொள்ளும் சாக்கெட் ஃபைல் டெம்ப்பில்தான் உருவாகிறது.

இப்போது எரர் வரிக்கு வருவோம். அவுட் ஆஃப் மெமரி எரர் என்று பொதுவாகச் சொன்னால் போதாது, அதன்பின் வரும் சொற்கள்தான் முக்கியம். 'ஜாவா ஹீப் ஸ்பேஸ்' என்றால் ஹீப் நிறைந்தது. 'ஜிசி ஓவர்ஹெட் லிமிட்' என்றாலும் ஏறக்குறைய அதே கதைதான்: நேரத்தில் 98 சதவீதத்துக்கு மேல் ஜிசியிலேயே கழித்தும் ஹீப்பில் 2 சதவீதம்கூட மீளவில்லை என்று பேரலல் கலெக்டர் (ஜிசி வகைகளில் ஒன்று) அலுத்துக்கொள்வது. 'மெட்டாஸ்பேஸ்' என்றால் பெரும்பாலும் டாம்கேட்டை நிறுத்தாமல் ஆப்பை மட்டும் திரும்பத் திரும்ப டெப்ளாய் செய்திருப்பார்கள் (சர்வரில் ஏற்றியிருப்பார்கள்). ஆப்பின் கிளாஸ்களை ஏற்றிய பழைய கிளாஸ்லோடரை ஏதோ ஒரு த்ரெட்டோ ஜேடிபிசி (ஜாவாவை டேட்டாபேஸோடு இணைப்பது) டிரைவரோ பிடித்துக்கொண்டிருக்கும். (2014இல் ஜாவா 8 வருவதற்கு முன் இது 'பெர்ம்ஜென்' என்று வந்தது. இன்னும் பெர்ம்ஜென் அளவைக் கூட்டச் சொல்லும் குறிப்புகளைக் கண்டால் அடுத்த குறிப்புக்குப் போய்விடுங்கள்.)

'புதிய நேட்டிவ் த்ரெட் உருவாக்க முடியவில்லை' என்று வந்தால் ஹீப்பைத் தொடவே வேண்டாம். சிஸ்டம்சிடிஎல் ஸ்டேட்டஸில் 'டாஸ்க்ஸ்' வரியைப் பாருங்கள். எண்ணிக்கை லிமிட்டை ஒட்டி நின்றால், சிஸ்டம்டியின் 'டாஸ்க்ஸ் மேக்ஸ்' தான் தடுத்தது. லிமிட்டை ஏற்றுவது இன்றைக்குச் சரி, ஆனால் ஆயிரக்கணக்கில் த்ரெட் எங்கிருந்து வந்தது என்று பார்க்காவிட்டால் அதுவும் நிறையும். ஒவ்வொரு ரிக்வெஸ்ட்டுக்கும் புதிய த்ரெட் பூல் திறந்து மூடாமல் விடுவதுதான் நான் அதிகம் பார்த்த காரணம். இந்த எரருக்கு ஹீப் டம்ப் தானாக விழாது. த்ரெட் டம்ப் எடுத்துப் பெயர்களைப் பாருங்கள், ஒரே பெயர் நூற்றுக்கணக்கில் நிற்கும்.

ஹீப் ஸ்பேஸ் எரரோடு வரும் ஸ்டாக் ட்ரேஸைப் பார்த்து உடனே அந்த வரியைத் திருத்தப் போகாதீர்கள். தைப்பூசத்தன்று பத்துமலைக்குப் போகும் கேடிஎம் ரயிலில் கதவருகே நசுங்குபவர் ரயிலை நிரப்பியவர் அல்லர்; அந்த த்ரெட்டும் அப்படித்தான். நிரப்பியவர் யார் என்பது டம்ப்பில்தான் தெரியும்.

டம்ப்பைத் திறக்கும் முன் ஒரு கேள்விக்குப் பதில் தெரிந்திருந்தால் பாதி வேலை மிச்சம்: இது கசிவா, சுமையா? ஜிசி லாகைப் போட்டு வையுங்கள். சர்வரில் எப்போதும் ஓட விடலாம், செலவு மிகக் குறைவு. முழு ஜிசி முடிந்த பிறகு ஹீப் எந்த அளவுக்கு இறங்குகிறது என்பதை மட்டும் பாருங்கள். அந்த அடிமட்டம் நாளுக்கு நாள் ஏறினால் கசிவு. மாதம் முழுவதும் ஒரே மட்டத்தில் கிடந்து, சில நாட்களில் மட்டும் திடீரென்று எகிறி, பிறகு பழைய இடத்துக்கே வந்தால் கசிவே இல்லை. ஏதோ ஒரு வேலை ஒரே வாயில் அத்தனையையும் விழுங்கப் பார்க்கிறது.

உங்கள் சர்வர் விழும் தேதியைப் பாருங்கள். இபிஎஃப் (ஊழியர் சேமநிதி), சொக்சோ (சமூகப் பாதுகாப்பு), பிசிபி (மாதாந்திர வருமான வரிப் பிடித்தம்) மூன்றுக்கும் போன மாதக் கணக்கை இந்த மாதம் 15ஆம் தேதிக்குள் கட்டியாக வேண்டும். 10க்கு மேல் உங்கள் வாடிக்கையாளர் அத்தனை பேரும் ஒரே சமயத்தில் கோப்பு தயாரிக்கிறார்கள், எக்செல் இறக்குகிறார்கள். கசிவு என்றால் 20ஆம் தேதியும் விழ வேண்டும். எனவே சுமை என்றுதான் என் மனம் சொல்கிறது. ஆனால் டம்ப் பார்க்காமல் சத்தியம் செய்ய மாட்டேன்.

டம்ப்பை எக்ளிப்ஸ் மெமரி அனலைசரில் திறங்கள். உங்கள் லேப்டாப்பில் திறங்கள், சர்வரில் வேண்டாம். அதற்கே தாராளமாக நினைவகம் வேண்டும், அதன் ஐஎன்ஐ ஃபைலில் எக்ஸ்எம்எக்ஸை ஏற்ற வேண்டியும் வரலாம். முதலில் கண்ணில் படுவது பைட் அரே, ஸ்ட்ரிங் ஆகியவைதான். எந்த ஜாவா டம்ப்பிலும் அவைதான் மேலே நிற்கும், அதில் செய்தி ஒன்றும் இல்லை. டாமினேட்டர் ட்ரீயைத் திறந்து, 'ரீடெய்ன்ட் ஹீப்' படி அடுக்குங்கள்: எந்த ஆப்ஜெக்ட் போனால் எவ்வளவு இடம் விடுபடும் என்று அது காட்டும். மேலே ஒரு த்ரெட் நின்று, அதனடியில் பெரிய லிஸ்டோ எக்செல் வொர்க்புக்கோ தொங்கினால் சுமை. ஒரு ஸ்டாட்டிக் மேப் நின்றால் கசிவு. யாரோ கேஷ் என்று எழுதி, அகற்றும் விதியை எழுத மறந்திருப்பார்கள்.

ஒரு எச்சரிக்கை. அந்த டம்ப்பில் ஊழியர்களின் ஐசி (அடையாள அட்டை) எண், சம்பளம், வங்கிக் கணக்கு, உங்கள் டேட்டாபேஸ் பாஸ்வேர்ட் எல்லாம் அப்படியே படிக்கும்படி கிடக்கும். இலவசமாக அலசித் தருகிறோம் என்னும் தளங்களில் ஏற்றாதீர்கள், வாட்ஸ்அப்பில் நண்பருக்கு லிங்க் அனுப்பாதீர்கள். 2010ஆம் ஆண்டின் தனிநபர் தகவல் பாதுகாப்புச் சட்டம் டம்ப் ஃபைலுக்கு விலக்கு எதுவும் தரவில்லை.

சம்பள மென்பொருளில் நான் சந்தேகப்படும் இடங்கள் இரண்டு. ஒன்று, எக்செல் கோப்பு எழுதும் ஜாவா நூலகமான அப்பாச்சி பிஓஐ. அதன் எக்ஸ்எஸ்எஸ்எஃப் வொர்க்புக் முழு எக்செல்லையும் நினைவகத்தில் கட்டும். டிஸ்கில் சில எம்பி ஆகும் கோப்பு ஹீப்பில் பல மடங்கு ஆகும். பத்துப் பேர் ஒரே நேரத்தில் இறக்கினால் பத்து மடங்கு. அதே நூலகத்தின் எஸ்எக்ஸ்எஸ்எஸ்எஃப்புக்கு மாறினால் வழக்கமாக 100 வரிசைகளை மட்டும் கையில் வைத்துக்கொண்டு மற்றதைத் தற்காலிகக் கோப்பில் தள்ளிவிடும். முடிந்ததும் 'டிஸ்போஸ்' கூப்பிட மறக்காதீர்கள், இல்லாவிட்டால் அந்தக் கோப்புகள் குவியும். உங்கள் டெம்ப் ஃபோல்டர் டெம்ப்எஃப்எஸ்ஸாக இருந்தால் தள்ளிவிட்டதும் ரேமில்தான் போய் உட்காரும், அதையும் பாருங்கள்.

மற்றது, மைஎஸ்கியூஎல்லின் ஜேடிபிசி டிரைவர். நீங்கள் தனியாகச் சொல்லாதவரை குவரியின் எல்லா வரிசைகளையும் ஒரே மூச்சில் நினைவகத்துக்கு இழுத்துவிடும். சும்மா ஃபெட்ச் சைஸ் 500 என்று வைத்தால் போதாது; இணைப்பில் 'யூஸ் கர்சர் ஃபெட்ச்' என்பதையும் இயக்க வேண்டும். ஹைபர்நேட் (டேட்டாபேஸ் வரிசைகளை ஜாவா ஆப்ஜெக்டாக மாற்றும் நூலகம்) வழியாகப் போனால் செஷன் தன் பங்குக்கு ஒவ்வொரு என்டிட்டியையும், அதன் பழைய மதிப்புகளின் நகலையும் வைத்துக்கொள்ளும். சில நூறுக்கு ஒரு தடவை ஃப்ளஷ், கிளியர் போடுங்கள். இவ்வளவும் செய்ய நேரமில்லை, இந்த மாதம் தப்பித்தால் போதும் என்றால், ரிப்போர்ட் வேலைகளை ஒரு வரிசையில் போட்டு ஒரே நேரத்தில் இரண்டுக்கு மேல் ஓடாதபடி கட்டுங்கள். அழகான தீர்வு இல்லைதான், ஆனால் ஒரு மதியத்தில் முடியும்.

ஹீப் 3 ஜிபிக்குள் ஒழுங்காக இருந்தும் ப்ராசஸின் ரேம் 5 ஜிபியைத் தாண்டினால் கோளாறு ஹீப்புக்கு வெளியே. 'நேட்டிவ் மெமரி ட்ராக்கிங்' சம்மரி அளவில் போட்டு, ஜேசிஎம்டியில் கேட்டால் எந்தப் பகுதி வளர்கிறது என்று பிரித்துக் காட்டும். அது வேகத்தைக் கொஞ்சம் தின்னும், எனவே தேவைப்படும்போது மட்டும் போடுங்கள். அதிலும் கணக்கு இடித்தால், மூடாத ஜிப் ஸ்ட்ரீம்கள், அல்லது ஜிலிப்சியின் (லினக்ஸின் அடிப்படை சி நூலகம்) மாலாக் அரீனாக்கள் (நினைவகம் பிரித்துத் தரும் தொகுப்புகள்). பின்னதற்கு 'மாலாக் அரீனா மேக்ஸ்' என்ற சூழல் மாறியை 2 என்று யூனிட் ஃபைலில் வைத்துப் பார்க்கலாம். உங்கள் விஷயத்தில் இவ்வளவு தூரம் போக வேண்டியிருக்காது.

விண்டோஸ் சர்வீஸாக டாம்கேட் ஓட்டுபவர்களுக்கு ஒரே ஒரு குறிப்பு: அங்கே செட்என்வ் பேட் ஃபைல் படிக்கப்படுவதில்லை, ஹீப் அளவு ரெஜிஸ்ட்ரியிலிருந்து வருகிறது. டாம்கேட்டோடு வரும் மானிட்டர் விண்டோவில் ஜாவா டேபில் மாற்றினால் ஏறும்.

எக்செல்லையும் குவரியையும் திருத்திய பிறகு சோதிக்க 15ஆம் தேதி வரட்டும் என்று காத்திருக்காதீர்கள். பிப்ரவரி முடிவுக்குள் ஒவ்வொரு முதலாளியும் எல்லா ஊழியருக்கும் இஏ படிவம் (வருடச் சம்பள விவரம்) தர வேண்டும், அதுதான் உங்கள் மென்பொருளுக்கு வருடத்திலேயே பெரிய சுமை. டிசம்பரில் ஒரு சோதனை மெஷினில் அதே 3 ஜிபி ஹீப்போடு, உங்களிடம் உள்ள மிகப் பெரிய வாடிக்கையாளரின் அளவுக்குப் போலித் தரவைப் போட்டு, இஏ படிவங்கள் அத்தனையையும் ஒரே தடவையில் ஓட்டி ஜிசி லாகைப் பாருங்கள். அங்கே அடிமட்டம் 2 ஜிபிக்குக் கீழே நிற்கிறதென்றால் 8 ஜிபி மெஷினே போதும். நிற்கவில்லையென்றால் மைஎஸ்கியூஎல்லை வேறு மெஷினுக்கு மாற்றுங்கள். ரேம் வாங்கும் பேச்சு அதற்கப்புறம்தான்.